ராப்பர் லில் வெய்னின் திருப்பம் எது: 2004-ஆ, 2005-ஆ?

#1 ஒலிநாடா

பக்கத்து இழையில் வெய்னின் 'த கார்ட்டர் 3' ஆல்பம் பற்றிப் பேச்சு ஓடிக்கொண்டிருந்தபோது பட்டறை அண்ணன் ஒரு வரியைப் போட்டுவிட்டு நகர்ந்துவிட்டார். முதல் கார்ட்டர் வெறும் ஒத்திகையாம், ஆள் வருவது இரண்டாவதில்தானாம். அங்கேயே பதில் போட்டால் அந்த இழை கெட்டுவிடும் என்பதால் தனியாகத் திறக்கிறேன். அடிதடி இங்கேயே நடக்கட்டும்.

என் கட்சி இதுதான்: 2004 ஜூன் கடைசியில் வந்த 'த கார்ட்டர்'தான் திருப்பம். அவருடைய சிறந்த ஆல்பம் அது என்று நான் சொல்லவில்லை. மொத்தம் 21 ட்ராக், கிட்டத்தட்ட 80 நிமிடம். கால்வாசியைக் கண்ணை மூடிக்கொண்டு வெட்டலாம். ஆனால் ஒரு ஆள் மாறிக்கொண்டிருக்கும் சத்தம் அதில்தான் கேட்கிறது. இரண்டாவதில் கேட்பது மாறி முடித்தவரை.

புதிதாக வருகிறவர்களுக்காகக் கொஞ்சம் முன்கதை. அமெரிக்காவின் தெற்கில் நியூ ஆர்லியன்ஸ் நகரம், ஹாலிகுரோவ் என்ற பேட்டை. 1982-ல் பிறந்த ட்வெய்ன் கார்ட்டர் ஜூனியர், அதாவது லில் வெய்ன். உள்ளூர் ராப் கம்பெனியான கேஷ் மணியின் முதலாளி பேர்ட்மேன் வீட்டு ஆன்சரிங் மெஷினில் ராப் பாடிப் பதிந்துவைத்தே அவரைப் பிடித்த பொடியன். 1997-ல், 15 வயதில், ஜுவனைல், பி.ஜி., டர்க் மூவரோடும் சேர்ந்து ஹாட் பாய்ஸ் குழுவின் முதல் ஆல்பம். 1998-ல் கேஷ் மணிக்கும் யுனிவர்சலுக்கும் 3 கோடி டாலர் ஒப்பந்தம் கையெழுத்தாகிறது. அடுத்த வருஷம் 17 வயதில் 'த பிளாக் இஸ் ஹாட்', தனி ஆல்பம், அமெரிக்கப் பட்டியலில் நேராக 3-ஆம் இடம், பிளாட்டினம் (பத்து லட்சம் பிரதி). அம்மா சொன்னாரே என்று அந்த ஆல்பத்தில் கெட்ட வார்த்தையைப் பெரும்பாலும் ஒதுக்கியே பாடினார். பின்னால் வந்ததைக் கேட்டவர்களுக்கு இதை நம்புவது கஷ்டம்.

ஆனால் அந்த வீட்டில் அவருக்கு இருந்த இடம் கடைக்குட்டியின் இடம். அண்ணன்மார் பாடி முடித்ததும் கடைசியில் வந்து கூவுவதுதான் வேலை. ஜுவனைலின் பெரிய ஹிட் ஒன்றில் கடைசியாக 'ட்ராப் இட் லைக் இட்ஸ் ஹாட்' என்று கூவும் கீச்சுக்குரல் இவருடையது. 'பிளிங் பிளிங்' பி.ஜி. பாட்டு, பல்லவி இவர். அப்புறம் பணத் தகராறில் அண்ணன்மார் ஒவ்வொருவராகக் கிளம்பிவிட்டார்கள். கடைக்குட்டி மட்டும் பாக்கி. அடுத்த இரண்டு ஆல்பமும் பிளாட்டினத்திலிருந்து கோல்டுக்கு (ஐந்து லட்சம்) இறங்கின. 2002-ல் வந்ததன் பெயர் '500 டிகிரீஸ்'. ஜுவனைலின் '400 டிகிரீஸ்' தலைப்புக்கு மேல் நூறு கூட்டி வைத்தது. தலைப்பைப் பார்த்தாலே தெரியும், பையன் இன்னும் போன அண்ணனோடுதான் மல்லுக்கட்டிக்கொண்டிருக்கிறான்.

அடுத்த தலைப்புக்கு யாருடைய எண்ணும் தேவைப்படவில்லை. சொந்தக் குடும்பப் பெயர் போதும் என்று தோன்றியிருக்கிறது. முதல் ட்ராக் 'வாக் இன்', நடுவில் 'இன்சைட்', கடைசி 'வாக் அவுட்'. உள்ளே வா, சுற்றிப் பார், போய் வா. கம்பெனி வீட்டில் வளர்ந்த பையன் சொந்த வீட்டுக்குப் பால் காய்ச்சுகிறான் என்றுதான் எனக்குப் பட்டது.

#2 பட்டறை

தம்பி, பால் காய்ச்சியது சரி. வீட்டைக் கட்டிக் கொடுத்தது யார்? மானி ஃப்ரெஷ். ஆல்பத்தின் பெரும்பகுதி பீட் (ராப்புக்கு அடியில் ஓடும் இசை) அவர் கை. 1990-களின் ஆரம்பத்திலிருந்து கேஷ் மணிக்கு ஏறக்குறைய எல்லா பீட்டும் போட்டவர் அவர்தான். அந்த பீட்டின் மேல் யார் ஏறி உட்கார்ந்தாலும் வண்டி ஓடும். முதல் கார்ட்டரில் வெய்ன் நன்றாகத்தான் ஓட்டுகிறார். ஆனால் அது அப்பா வாங்கிக் கொடுத்த வண்டி.

2005-ல் மானி ஃப்ரெஷ் கம்பெனியை விட்டே போய்விட்டார். அந்த டிசம்பரில் வந்த 'த கார்ட்டர் 2'-ல் அவருடைய பீட் ஒன்றுகூட இல்லை. எல்லாம் வெளியாட்கள். முதல் ட்ராக் 'த மாப்'. 5 நிமிடத்துக்கு மேல் ஓடுகிறது, பல்லவி கிடையாது, விருந்தாளிக் குரல் கிடையாது. வானொலிக்காரன் தொடவே முடியாத பாட்டை முதலில் வைக்கிறார் என்றால் அந்த நெஞ்சழுத்தத்தைப் பாருங்கள். 'என்னை நம்பி உட்கார், அடுத்த ஐந்து நிமிடம் நான் மட்டும்தான்' என்கிறார். 2004-ல் அவருக்கு அந்தத் துணிச்சல் இல்லை.

#3 கிழக்குக் கடற்கரை

ஒத்திகை, திருப்பம் என்று பெரிய வார்த்தையெல்லாம் எதற்கு? தெற்கத்தி ராப் என்றாலே கார், நகை, ஆட்டம். வரிக்காகக் கேட்பவன் நியூயார்க்கைக் கேட்பான். நாஸ் 20 வயதில் செய்ததை வெய்ன் 40-லும் செய்யவில்லை.

#4 ஒலிநாடா

பேரிலேயே கட்சி தெரிகிறது ஜி. வீடு ஈசிஆரில் என்று சொன்னது நினைவிருக்கிறது, அதனால் மன்னித்துவிட்டேன்.

இந்தப் பேச்சுக்கு வயதாகிவிட்டது. 1995 ஆகஸ்டில் நியூயார்க்கில் நடந்த சோர்ஸ் ராப் விருது விழாவில் அட்லாண்டா குழுவான அவுட்காஸ்ட் மேடையேறியபோது கூட்டம் கூச்சல் போட்டது. 'தெற்குக்குச் சொல்ல ஒன்று இருக்கிறது' என்று குழுவின் ஆந்த்ரே அங்கேயே திருப்பிச் சொல்லிவிட்டு இறங்கினார். அதே அவுட்காஸ்ட் 2004 பிப்ரவரியில் கிராமியின் 'ஆண்டின் சிறந்த ஆல்பம்' விருதை வாங்கியது. ராப் பிரிவு விருது இல்லை, மொத்தத்துக்குமான விருது. அதற்கு நான்கு மாதம் கழித்து வந்ததுதான் முதல் கார்ட்டர். அதற்குள் தெற்குதான் நடுவீடு ஆகிவிட்டது. உங்கள் ஊருக்குத் தகவல் வந்து சேர நேரமாகியிருக்கும்.

#5 டெக்சாஸ் தாத்தா

கிழக்குக் கடற்கரை தம்பிக்கு ஒரு சின்ன விஷயம். நியூ ஆர்லியன்ஸில் 90-களின் ஆரம்பத்தில் 'பவுன்ஸ்' என்று ஓர் ஆட்ட இசை பிறந்தது. கூப்பிட்டால் கூட்டம் பதில் சொல்ல வேண்டும். தெருப் பேர், வட்டத்தின் எண், எந்தக் குடியிருப்பு என்று ஒவ்வொன்றாகக் கூப்பிடுவார்கள், அந்தந்தப் பகுதிக்காரன் கத்துவான். மானி ஃப்ரெஷ் அந்தக் கூட்டத்துக்கு டிஜேயாக இருந்து வளர்ந்தவர். பவுன்ஸின் அடித்தளமாக எல்லாரும் எடுத்துப் புழங்கிய பழைய ரெக்கார்டு ஒன்று உண்டு: 'டிராக் ராப்', 1986. பாடியவர்கள் ஷோபாய்ஸ். எந்த ஊர் தெரியுமா? நியூயார்க், குவீன்ஸ். சொந்த ஊரில் விலைபோகாத சரக்கைத் தெற்கத்திக்காரன் எடுத்து இருபது வருஷம் சோறு போட வைத்தான்.

இன்னொன்று. அந்த ஊரில் சவ ஊர்வலத்துக்கும் பித்தளை வாத்தியக் கோஷ்டி வரும். போகும்போது மெதுவாக, அடக்கம் முடிந்து திரும்பும்போது ஆட்டம். பின்னால் ஆடிக்கொண்டே வரும் கூட்டத்துக்கு 'செகண்ட் லைன்' என்று பேர். மானி ஃப்ரெஷ் மெஷினில் போடும் ஸ்நேர் டிரம் உருட்டலைக் கேளுங்கள், அந்தத் தெரு அணிவகுப்பு அப்படியே இருக்கும். 'கோ டிஜே' பாட்டில் வெய்ன் குரலை நிறுத்திவிட்டு ஸ்நேரை மட்டும் கவனித்துப் பாருங்கள்.

#6 கிழக்குக் கடற்கரை

குவீன்ஸ் விஷயம் தெரியாது தாத்தா. அதை ஒப்புக்கொள்கிறேன். மற்றதை ஒப்புக்கொள்ளவில்லை.

#7 எட்டாம்வரி

அண்ணன்களுக்கு வணக்கம், நான் புதுசு. எனக்கு வெய்ன் என்றால் 'லாலிபாப்', 'எ மில்லி' அவ்வளவுதான். 'கோ டிஜே' இப்போதுதான் கேட்டேன். அந்தப் பல்லவி அருமையாக இருக்கிறது, அவரே கட்டியதா? அப்புறம் இழை முழுக்க 'மாறினார் மாறினார்' என்கிறீர்கள், காதில் விழுகிற மாதிரி என்ன மாறியது? எனக்கு இரண்டும் வேகமாகப் பாடுகிற ஆளாகத்தான் தெரிகிறது.

#8 டெக்சாஸ் தாத்தா

பல்லவி அவருடையது இல்லை பேராண்டி. யு.என்.எல்.வி. என்று 90-களின் ஆரம்பத்தில் கேஷ் மணியில் இருந்த குழுவின் சொத்து. கம்பெனியின் பழைய பரணிலிருந்து எடுத்துத் தூசி தட்டிப் போட்டார்கள். ஊர்க்காரர்களுக்குக் கேட்ட உடனே தெரிந்திருக்கும். மற்ற ஊர்க்காரர்களுக்கு அது புதுசு. பாட்டு அமெரிக்கத் தனிப்பாடல் பட்டியலில் 14-ஆம் இடம் வரைக்கும் போனது.

#9 ஒலிநாடா

எட்டாம்வரி கேட்டது நல்ல கேள்வி. இதைத்தான் முதல் பதிவிலேயே எழுதியிருக்க வேண்டும், வீட்டுக் கதையில் விட்டுவிட்டேன்.

நடந்தது ஒரு நோட்டுப் புத்தகக் கதை. 2002, 2003 வாக்கில் ஸ்குவாட் அப் என்ற தன் பேட்டைக் கூட்டத்தோடு வெய்ன் மிக்ஸ்டேப் (கம்பெனி ஆல்பத்துக்கு வெளியே, பெரும்பாலும் அடுத்தவர் பீட்டில் பாடிச் சுற்றுக்கு விடும் தொகுப்பு) போட்டுக்கொண்டிருந்தார். அதில் '10,000 பார்ஸ்' என்று ஒன்று. அரை மணி நேரத்துக்கு மேல் நிற்காமல் ஓடும். நோட்டுகளில் எழுதிச் சேர்த்துவைத்திருந்த வரிகளையெல்லாம் ஒரேயடியாகப் பாடித் தீர்த்தார். பின்னணியில் அவர் பக்கம் திருப்புவதைக்கூடக் கேட்கலாம் என்பார்கள். என் காதுக்கு அது எட்டவில்லை. அதற்குப் பிறகு எழுதுவதையே விட்டுவிட்டார். மைக் முன்னால் நின்று மனசுக்குள் கட்டி, நேராகப் பாடுவது. நியூயார்க் ராப்பர் ஜே-ஸியும் அப்படித்தான் என்று அப்போது எல்லாருக்கும் தெரியும், பொடியனுக்கு அதுவே ஒரு சவாலாக இருந்திருக்கும்.

எழுதிப் பாடுகிறவனின் வரி ஒரே அளவாக வெட்டிய பலகை மாதிரி இருக்கும். நான்கு அடிக்குள் சொல்லி முடிக்க வேண்டும், கடைசியில் இயைபு விழ வேண்டும். 'த பிளாக் இஸ் ஹாட்' முழுக்க அந்தப் பலகைதான். பையன் மூச்சு வாங்குகிறான், பீட்டைத் துரத்துகிறான், ஒவ்வொரு வரிக் கடைசியிலும் 'பார்த்தீர்களா, வந்துவிட்டேன்' என்கிற மாதிரி நிற்கிறான்.

முதல் கார்ட்டரில் 'வாக் இன்' கேளுங்கள். குரல் பீட்டுக்குக் கொஞ்சம் பின்னால் நடக்கிறது. அவசரமே இல்லை. ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டு அதன் ஒலியிலேயே அடுத்த சொல்லுக்குத் தாவி, அங்கிருந்து சம்பந்தமே இல்லாத ஓர் உவமைக்குப் போய், நாம் 'எங்கே போகிறார்' என்று யோசிக்கும்போது முதல் ஒலிக்கே திரும்பி வந்து இறங்குகிறார். தாளில் எழுதியிருந்தால் நடுவில் இருக்கும் அந்த அலைச்சலை அடித்துவிடத் தோன்றும். எழுதாததால் அலைச்சல் தங்கியது. அந்த அலைச்சல்தான் பின்னால் உலகத்துக்குத் தெரிந்த வெய்ன். வேகம் மாறவில்லை எட்டாம்வரி, நடை மாறியது.

#10 நிலாமுற்றம்

ஒலிநாடா சொல்வதில் நடை பற்றிய பகுதியை அப்படியே ஏற்கிறேன். ஆனால் இந்த இழையில் 'வளர்ச்சி, வளர்ச்சி' என்று ஒன்பது பதிவாகப் பேசுகிறீர்கள், ஒருவரும் 17-ஆவது ட்ராக்கைத் தொடவில்லை. தலைப்பையே இங்கே எழுத முடியாது. பெண்களை வரிசையாகப் பேர் சொல்லிக் கேவலப்படுத்துவதுதான் பாட்டு. நடை வளர்ந்தது, கண் வளரவில்லை. மூத்த மகள் பிறந்தபோது அவருக்கு 16 வயது. இந்த ஆல்பம் வரும்போது அந்தக் குழந்தைக்கு ஐந்து முடிந்து ஆறு நடக்கிறது. அப்பா இதைப் பதிவு பண்ணிக்கொண்டிருந்தார்.

'அந்தக் காலத்து ராப்பே அப்படித்தான்' என்று யாராவது வருவதற்கு முன்னால் சொல்லிவிடுகிறேன். தாத்தா சொன்ன அதே பவுன்ஸ் கூட்டத்தில் பெண்கள் இருந்தார்கள். மியா எக்ஸ், கேஷ் மணியிலேயே இருந்த மக்னோலியா ஷார்ட்டி. 1999-லேயே கேட்டி ரெட் என்ற திருநங்கை அந்த ஊரில் ரெக்கார்டு போட்டு, கூட்டத்தை ஆட வைத்துக்கொண்டிருந்தார். ஊருக்குள் வேறு குரல்கள் இருந்தன. வெய்ன் காதில் விழவில்லை அல்லது விழுந்தும் எடுத்துக்கொள்ளவில்லை.

#11 பட்டறை

நிலாமுற்றம் சொன்னதற்கு என்னிடம் பதில் இல்லை. நான் அந்த ட்ராக்கைத் தாண்டிவிட்டுப் போகிறவன், தாண்டிவிட்டோம் என்பதையே மறந்துவிடுகிறேன். அதுவும் ஒரு வசதிதான்.

#12 நிலாமுற்றம்

தாண்டுவது உங்களுக்கு எளிது. சரி, இழைக்கு வருவோம். ஆறாவது ட்ராக் பற்றி யாராவது பேசுங்கள். அதற்காகத்தான் இந்த ஆல்பத்தை இன்னும் வைத்திருக்கிறேன்.

#13 ஒலிநாடா

'ஐ மிஸ் மை டாக்ஸ்'. அதற்குத்தான் வரலாம் என்றிருந்தேன், முந்திக்கொண்டீர்கள்.

விட்டுப்போன மூன்று பேருக்கும் தனித்தனியாக ஒரு சரணம். பி.ஜி.க்கு ஒன்று, ஜுவனைலுக்கு ஒன்று, டர்க்குக்கு ஒன்று. டர்க் அந்த வருஷம் ஜனவரியில்தான் கைதாகிச் சிறைக்குப் போயிருந்தார். ஒரு விஷயத்தைக் கவனியுங்கள். கம்பெனியை விட்டுப் போனவர்கள், கம்பெனி மேல் வழக்கு, வசை என்று நடந்துகொண்டிருந்த நேரம். ராப் உலகத்து வழக்கப்படி இந்த இடத்தில் வசைப்பாட்டு வரவேண்டும். அதுவும் இரண்டே வருஷத்துக்கு முன் ஜுவனைலைத் தலைப்பிலேயே சீண்டிய அதே ஆள். இப்போது 'உன்னைத் தேடுகிறது' என்று பாடுகிறார். கோபமும் இருக்கிறது, கணக்கும் இருக்கிறது, ஆனால் குரலில் ஒரு 21 வயதுப் பையன் காலி வீட்டில் தனியாக உட்கார்ந்திருப்பது தெரிகிறது. அண்ணன்மார் போட்டுவிட்டுப் போன சட்டையை மடித்து வைக்கிற மாதிரி.

#14 பட்டறை

அந்தப் பாட்டை விட்டுக்கொடுத்துவிட்டேன். எடுத்துக்கொள்ளுங்கள். ஆனால் அடுத்தது என்னுடையது: 'பெஸ்ட் ராப்பர் அலைவ்', 2005. அயர்ன் மெய்டனின் ராக் கிடாரை எடுத்துப் போட்டு, 'உயிரோடு இருப்பவர்களில் நானே முதல்வன்' என்று 23 வயதில் நெஞ்சை நிமிர்த்துகிறார். மானி ஃப்ரெஷ் வீட்டில் இருந்திருந்தால் இந்த பீட் வாசலுக்கே வந்திருக்காது. 'ஷூட்டர்' இன்னொன்று. பாடகர் ராபின் திக்கின் பழைய பாட்டை அப்படியே வைத்துக்கொண்டு அதற்குள் ராப்பை நுழைக்கிறார். அதிலேதான் நம்ம கிழக்குக் கடற்கரைக்கான பதிலும் இருக்கிறது: இது தெற்கு, நாங்கள் எளிமையாகத் தெரிந்தால் உங்களுக்கு அடிப்படையே புரியவில்லை என்கிற மாதிரி ஒரு வரி.

#15 ஒலிநாடா

'முதல்வன்' வாக்கு எங்கே முதலில் வருகிறது தெரியுமா அண்ணே? 2004-ல், என் ஆல்பத்தில், 'பிரிங் இட் பேக்' பாட்டில். 2003 நவம்பரில் ஜே-ஸி 'இதுதான் கடைசி ஆல்பம்' என்று அறிவித்துவிட்டு ஒதுங்கினார் இல்லையா. 'முதல்வன் ஓய்வு பெற்றுவிட்டதால் இப்போது நான்தான்' என்று ஒரு வரியில் நைசாக நாற்காலியில் உட்கார்ந்தார் வெய்ன். அப்போது எல்லாரும் சிரித்திருப்பார்கள். நீங்கள் சொல்லும் 2005 பாட்டு அந்த வரியின் விரிவுரை.

#16 பட்டறை

உட்கார்ந்தேன் என்று சொல்வது வேறு, மற்றவன் எழுந்து இடம் விடுவது வேறு தம்பி. 2004-ல் முதல் வாரம் 1,16,000 பிரதி, 5-ஆம் இடம். 2005-ல் 2,38,000, 2-ஆம் இடம். இரண்டு மடங்கு. 2004-ல் கேட்ட பாதிப் பேர் 'கோ டிஜே'க்காக வந்தவர்கள். வடக்கத்தி விமர்சகர்கள் பேனாவை எடுத்தது இரண்டாவதற்குத்தான்.

#17 டெக்சாஸ் தாத்தா

எண்ணை விடுங்கள். இரண்டு ஆல்பத்துக்கும் நடுவில் நடந்ததை ஒருவரும் சொல்லவில்லை. 2005 ஆகஸ்ட் 29.

நான் அப்போது ஹூஸ்டனில் இருந்தேன். கத்ரினா புயல், அணைகரைகள் உடைந்தன, நியூ ஆர்லியன்ஸில் 80 சதவீதம் தண்ணீருக்குள் போனது. அங்கிருந்து பஸ் பஸ்ஸாக ஆட்களைக் கொண்டுவந்து எங்கள் ஊர் ஆஸ்ட்ரோடோம் மைதானத்தில் இறக்கினார்கள். எங்கள் தமிழ்க் கூட்டத்திலிருந்து ஐந்தாறு பேர் போர்வையும் குழந்தைகளுக்கு டயப்பரும் வாங்கிக்கொண்டு போனோம். மைதானம் முழுக்க வரிசை வரிசையாக மடக்குக் கட்டில். நுழைவாசல் பக்கத்தில் அட்டைகளில் கையால் எழுதிய பெயர்கள், காணாமல் போனவர்களுடையது. ஒரு பையன், 17 வயது இருக்கும், என்னிடம் கேட்டது சாப்பாடு இல்லை. பேட்டரி. அவனுடைய சிடி பிளேயர் நின்றுபோயிருந்தது. அடுத்த நாள் கொண்டுபோய்க் கொடுத்தேன். என்ன கேட்கிறாய் என்றேன். ஹெட்போனை என் காதில் வைத்தான். எனக்கு ஒன்றும் புரியவில்லை, காதைக் கிழிக்கிற ஸ்நேர் சத்தம் மட்டும். பல வருஷம் கழித்து என் பேரன் வண்டியில் 'கோ டிஜே' போட்டபோதுதான் அது எது என்று தெரிந்தது. இந்த வயதில் இந்த இழையில் நான் உட்கார்ந்திருப்பதற்குக் காரணம் அந்த இரண்டு பேட்டரிதான்.

#18 நிலாமுற்றம்

தாத்தா.

#19 எட்டாம்வரி

கத்ரினா பற்றி வெய்ன் பாடியிருக்கிறாரா?

#20 பட்டறை

இரண்டாவது கார்ட்டரிலேயே ஒரு கீற்று இருக்கிறது. 'வீஸி எஃப் பேபி' என்று தன்னைக் கூப்பிட்டுக்கொள்வது அவர் வழக்கம், அந்த எஃப்புக்குப் பாட்டுக்குப் பாட்டு ஓர் அர்த்தம் வைத்து விளையாடுவார். 'ஃபீல் மீ' பாட்டில் எஃப் என்றால் ஃபீமா என்கிறார். புயல் நிவாரணத்தில் கோட்டைவிட்ட மத்திய அரசுத் துறையின் பெயர் அது. அவ்வளவுதான், ஒரு வரி. வழக்கமான விளையாட்டுக்குள்ளேயே வீடு போன துக்கத்தை வைத்துவிட்டு அடுத்த வரிக்குப் போய்விடுகிறார்.

முழுப் பாட்டு 2006-ல், டிஜே டிராமாவோடு போட்ட 'டெடிகேஷன் 2' மிக்ஸ்டேப்பின் கடைசியில். 'ஜார்ஜியா' என்ற லூடகிரிஸ் கூட்டத்துப் பாட்டின் பீட்டை எடுத்து, ஜார்ஜியா என்பதோடு புஷ்ஷைச் சேர்த்து, அதிபரை நேராகப் பேர் சொல்லிக் கேட்கிறார். 'த கார்ட்டர் 3'-ல் 'டை மை ஹேண்ட்ஸ்' இன்னொன்று, அது நிதானமான அழுகை.

#21 கிழக்குக் கடற்கரை

இப்போது நான் ஒரு கட்சி சொல்கிறேன், இரண்டு பேரும் அடிக்காதீர்கள். நேற்று ராத்திரி உட்கார்ந்து இரண்டு கார்ட்டரையும் 'டெடிகேஷன் 2'-ஐயும் கேட்டேன். எனக்குப் பட்டது: ஆல்பமே இல்லை, மிக்ஸ்டேப்தான் ஆளை உருவாக்கியது. அடுத்தவன் பீட், அடுத்தவன் ஹிட் பாட்டு. பிறத்தியார் அடுப்பில் சமைத்து, வீட்டுக்காரனை விட நன்றாகப் பரிமாறிவிட்டுப் போகிறார். 2007-ல் 'டா டிராட் 3' இரண்டு டிஸ்க் முழுக்க இதுதான் என்று படித்தேன், இன்று ராத்திரி அது. நாஸ் பற்றிய கருத்து மாறவில்லை. 'தெற்கு என்றால் கார், நகை' என்று சொன்னதை மட்டும் அழித்துக்கொள்ளுங்கள்.

#22 ஒலிநாடா

இழையின் முதல் வெற்றி. ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைத்துக்கொண்டேன்.

மிக்ஸ்டேப் கட்சியை முழுக்க மறுக்க மாட்டேன். 2006, 2007-ல் அவர் இலவசமாக வாரி இறைத்ததால்தானே 2008 ஜூனில் 'த கார்ட்டர் 3' முதல் வாரமே 10 லட்சம் தாண்டியது. ஆனால் பிறர் அடுப்பில் சமைக்கிற துணிச்சல், நோட்டைத் தூக்கிப்போட்ட பிறகு வந்தது. எழுதி வைத்துப் பாடுகிறவனுக்கு ஒரு வாரத்தில் இருபது பீட் கிடைத்தால் தலைவலி. எழுதாதவனுக்கு அது விருந்து. அந்தக் கை முதலில் ஒரு முழு ஆல்பத்தில் தெரிந்தது 2004-ல். மறுபடி என் இடத்துக்கே வந்துவிட்டேன், மன்னிக்கவும்.

பட்டறை அண்ணனுக்கு ஒன்றை விட்டுக்கொடுக்கிறேன். மானி ஃப்ரெஷ் போகாமல் இருந்திருந்தால் இரண்டாவது கார்ட்டர் முதல் கார்ட்டரின் மறுபதிப்பாகப் போயிருக்கும். அண்ணன்மார் போனதில் முதல் ஆல்பம் வந்தது, மானி போனதில் இரண்டாவது. ஒவ்வொரு முறையும் வீட்டில் ஒருவர் குறையும்போதுதான் இவர் ஒரு படி ஏறியிருக்கிறார். இதை எழுதும்போதுதான் எனக்கே தோன்றுகிறது.

#23 பட்டறை

கடைசியில் அந்த வீட்டு முதலாளியோடேயே முட்டிக்கொண்டார் பாருங்கள். முதல் கார்ட்டரில் 'பிஎம் ஜேஆர்' என்று தன்னைப் பேர்ட்மேனின் வாரிசு என்று பாடியவர், 2006-ல் அவரோடு 'அப்பனைப் போலப் பிள்ளை' என்ற பொருளில் தலைப்பு வைத்து ஒரு ஆல்பமே போட்டவர், 2015 ஜனவரியில் 'த கார்ட்டர் 5'-ஐ முடக்கி வைத்திருக்கிறார்கள் என்று 5 கோடியே 10 லட்சம் டாலர் கேட்டு வழக்குப் போட்டார். சமரசமாகி ஆல்பம் வெளியே வர 2018 செப்டம்பர் ஆனது.

#24 நிலாமுற்றம்

அந்த ஐந்தாவது கார்ட்டரின் கடைசிப் பாட்டை விட்டுவிடக் கூடாது. 12 வயதில் நெஞ்சில் குண்டு பட்டுப் பிழைத்தது விபத்து என்றுதான் பல வருஷம் சொல்லிவந்தார். அந்தப் பாட்டில் அது விபத்து இல்லை என்று சொல்கிறார். பிறகு 2021-ல் ஒரு பேட்டியில் சின்ன வயது மனநிலை பற்றி விரிவாகவே பேசினார். 17-ஆவது ட்ராக்கை மன்னிக்கவில்லை, ஆனால் இதைச் சொல்ல 20 வருஷத்துக்கு மேல் ஆகியிருக்கிறது என்பதையும் கணக்கில் வைத்துக்கொள்கிறேன். நீங்கள் வளர்ச்சி வளர்ச்சி என்பதில் எனக்குப் பெரிதாகப் படுவது இதுதான்.

#25 எட்டாம்வரி

எல்லாருக்கும் நன்றி. எதிலிருந்து தொடங்க? ஒரே வரியில் சொல்லுங்கள்.

#26 ஒலிநாடா

முதல் கார்ட்டர். ஆனால் வரிசை மாற்றாமல் கேள். நான் அதைக் கேட்டது ஹாஸ்டல் கம்ப்யூட்டரில், யாரோ இறக்கி வைத்திருந்த எம்பி3. ஃபோல்டரில் எல்லாம் ஆங்கில அகர வரிசையில் இருக்கும். அதனால் 'வாக் இன்' முடிந்த கையோடு 'வாக் அவுட்', அதற்குப் பிறகும் இரண்டு பாட்டு. இரண்டு வருஷம் அப்படித்தான் கேட்டேன். வீட்டுக்குள் நுழைந்த உடனே வெளியே தள்ளிவிடுகிறாரே, என்ன வினோதமான ஆல்பம் என்று நண்பனிடம் சொல்லி வியந்திருக்கிறேன். அதில் ஏதோ தத்துவம் இருப்பதாகக்கூட விளக்கம் வைத்திருந்தேன்.

#27 பட்டறை

இதை முதல் பதிவிலேயே சொல்லியிருந்தால் நான் வாதமே பண்ணியிருக்க மாட்டேன்.

#28 எட்டாம்வரி

கேட்டு முடித்தேன். வரிசையாக, இரண்டு நாளில். 17-ஐ நிலாமுற்றம் அக்கா சொன்னதற்காகத் தாண்டாமல் கேட்டேன், பாதியில் நிறுத்தினேன். ஆறாவதை நான்கு தடவை. 'கோ டிஜே' வரும்போது தாத்தா சொன்னபடி குரலை விட்டுவிட்டு ஸ்நேரை மட்டும் பிடித்துக்கொண்டு போனேன், நடுவில் எங்கேயோ கை தானாக மேஜையில் தட்ட ஆரம்பித்துவிட்டது, அம்மா எட்டிப் பார்த்தார்கள். இப்போது இரண்டாவது கார்ட்டர் போட்டிருக்கிறேன். 'த மாப்' மூன்றாவது நிமிடம். பல்லவி வரும் வரும் என்று இன்னும் காத்திருக்கிறேன்.

#29 பட்டறை

வராது. காத்திரு.